மாமியார் இன்று எங்கே?

கரடியக்கா என்ற பெயர் அவளுக்கு ஒட்டிக்கொண்டது நாற்பதைத் தாண்டிய பிறகுதான். அதற்கு முன்பு அவள் மைக்கக்கா. ஊர்ப் பேருந்து நிலையத்தில், கண்ணாடி பாதி உடைந்த ஒரு கூண்டுக்குள் உட்கார்ந்துகொண்டு, எந்த வண்டி எந்த மேடையில் நிற்கிறது, எது கிளம்பப் போகிறது, எது டிப்போவில் படுத்துக் கிடக்கிறது என்று மைக்கில் சொல்வது அவள் வேலை. கல்யாணமான வருஷம் சேர்ந்தவள், மகள் காலேஜுக்குப் போகும்வரை சொல்லிக்கொண்டே இருந்தாள். அவள் முகம் தெரியாதவர்கள்கூட ஊரில் இருந்தார்கள். அந்தக் குரல் தெரியாதவர்கள் யாருமில்லை.

அங்கே டைம் கீப்பராக இருந்தவர் சேர்ந்த அன்றே அவளுக்கு ஒரே ஒரு பாடம்தான் சொல்லிக் கொடுத்தார். "மைக்ல தெரியாதுன்னு மட்டும் சொல்லிடாதம்மா. ஜனங்க கலைஞ்சு போயிடுவாங்க, இல்லன்னா சண்டைக்கு வருவாங்க. வண்டி எங்க இருக்குன்னு தெரியலன்னா, இன்னும் சற்று நேரத்தில்னு சொல்லு. உக்காந்திருப்பாங்க." உட்கார்ந்துதான் இருந்தார்கள். இன்னும் சற்று நேரத்தில் என்று அவள் சொன்னதை நம்பி மழையில் நின்றவர்களும் உண்டு, கல்யாணத்துக்குப் போக முடியாமல் மறுநாள் மொய்யை மட்டும் அனுப்பியவர்களும் உண்டு. அதற்காக அவளை யாரும் திட்டியதில்லை. வண்டியைத் திட்டினார்கள்.

பிறகு ஒருநாள் ஒரு பெட்டியைக் கொண்டுவந்து மாட்டினார்கள். அதற்குள் வேறொரு பெண்ணின் குரல். அந்தப் பெண்ணுக்கு லீவு வேண்டாம், டீ வேண்டாம், முதுகு வலிக்காது. மைக்கக்கா தன் ஸ்வெட்டரையும் தண்ணீர் பாட்டிலையும் எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தாள். அவளுடைய வீட்டுக்காரர் அதே டிப்போவில் மெக்கானிக். அவர் கையைத் துடைத்துக்கொண்டே சொன்னார்: "விடு. இனிமேலாவது வீட்ல கொஞ்சம் மெதுவா பேசு." அவருக்குத் தெரிந்த ஆறுதல் அவ்வளவுதான்.

இந்தச் சமயத்தில்தான் கரடி வந்தது.

ஊரை ஒட்டிய காட்டில் கரடிகள் இருந்து, சுடப்பட்டு, தீர்ந்துபோய் இரண்டு தலைமுறை ஆகியிருந்தது. தூரத்தில் வேறொரு காட்டில் புதுச் சாலை ஒன்று குறுக்கே போகிறது, அங்கே கரடிகளுக்கு இடமில்லை, அவற்றில் சிலவற்றைப் பிடித்து இங்கே கொண்டுவந்து விட்டால் அவற்றின் வம்சமும் பிழைக்கும், இந்தக் காடும் பிழைக்கும் என்று படித்தவர்கள் பலர் கூடி முடிவு செய்திருந்தார்கள். தப்பான முடிவு என்று சொல்லிவிட முடியாது. மனுஷர்கள் எப்படிப் பிழைப்பார்கள் என்பதற்கு மட்டும் பள்ளிக்கூடத்து ஹாலில் ஒரு கூட்டம் போட்டார்கள். ரேஞ்சர் எழுந்து தொண்டையைச் செருமிக்கொண்டு, "அடுத்த மாசம் நாங்க கரடி விடப் போறோம்," என்றார். பின்வரிசையிலிருந்து ஒரு குரல், "அதைத்தானே சார் இத்தனை வருஷமா விட்டுக்கிட்டு இருக்கீங்க," என்றது. ஹால் சிரித்து அடங்க வெகுநேரம் ஆயிற்று. அந்த ஊர் அந்த விஷயத்தில் மனம்விட்டுச் சிரித்தது அதுதான் கடைசி.

ரேஞ்சர் கோபப்படவில்லை. ஒவ்வொரு கரடியின் கழுத்திலும் ஒரு பட்டை இருக்கும், அந்தப் பட்டை கரடி இருக்கும் இடத்தைக் கம்ப்யூட்டருக்கு அனுப்பிக்கொண்டே இருக்கும், தினமும் விடியும்போது காட்டோரத் தெருக்களில் இருக்கிற எல்லா வீட்டுக்கும் போன் வரும், எந்தப் பக்கம் போகலாம், எந்தப் பக்கம் கூடாது என்று சொல்லிவிடுவோம் என்றார். "யாரு சொல்றது?" என்று கேட்டார்கள். ரேஞ்சர் முன்வரிசையில் உட்கார்ந்திருந்த மைக்கக்காவைக் கை காட்டினார். முணுமுணுப்பு நின்றுவிட்டது. அந்தக் குரல் சொன்னால் சரி என்று ஊர் ஒத்துக்கொண்டது. அவளுக்கு அன்றைக்குப் பெருமை தாங்கவில்லை. வீடு வரும்வரை கால் தரையில் பாவவில்லை.

காட்டிலாகாவின் ஜீப் நிறுத்தும் கொட்டகைக்கு மேலே அவளுக்கு ஓர் அறை கொடுத்தார்கள். கீழேயிருந்து டீசல் நெடி வரும். ஒரு மேசை, ஒரு கம்ப்யூட்டர், சுவரை அடைத்து ஒரு வரைபடம், ஒரே வேகத்தில் சுற்றும் ஒரு ஃபேன். திரையில் ஐந்து புள்ளிகள். வரைபடத்தில் இருந்ததெல்லாம் எண்களும் கோடுகளும்தான். அந்த எண்ணை ஊருக்குச் சொன்னால் யாருக்கும் ஒன்றும் புரியாது. அவள் புள்ளியைப் பார்ப்பாள், கோட்டைப் பார்ப்பாள், பிறகு போனில், "உடைஞ்ச பாலத்துக்கு மேல ரெண்டு இருக்கு," என்றோ, "சுண்ணாம்புக் காளவாய் பக்கம் ஒண்ணு, அந்த வழி வேண்டாம்," என்றோ சொல்வாள்.

கரடிகளோடு லாரியில் வந்த கால்நடை மருத்துவர் அவற்றுக்கு எண் கொடுத்திருந்தார். சின்ன வயசுப் பெண். கரடி என்று சொல்லும்போதே முகம் மலர்ந்துவிடும். ஊர் அந்த எண்களைச் சட்டை செய்யவில்லை. எந்நேரமும் படுத்துக் கிடப்பதற்கு மேனேஜர் என்று பெயர். கருத்த பெரிய பெண் கரடிக்குப் பெயர் மாமியார். அது வந்த புதிதில் ஒரு வீட்டுச் சமையலறைக்குள் நுழைந்து, ஒவ்வொரு பாத்திரமாகத் திறந்து மோந்து பார்த்து, பிடிக்காததைக் கவிழ்த்துவிட்டு, சாவகாசமாக வெளியே போயிற்று. பரண்மேல் ஏறிக்கொண்டு அத்தனையையும் பார்த்த அந்த வீட்டு மருமகள்தான் பெயர் வைத்தவள். அதன்பிறகு காலையில் போனை எடுத்ததுமே, "மாமியார் இன்னிக்கு எங்க?" என்றுதான் எல்லோரும் கேட்டார்கள். நிஜ மாமியார்கள் கொஞ்ச நாள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தார்கள். பிறகு அவர்களும் அப்படியே கேட்டார்கள்.

முதலில் இது விளையாட்டாக இருந்தது. பிறகு வாழ்க்கையாகிவிட்டது; மைக்கக்கா கரடியக்கா ஆனாள். ஸ்கூல் வேன் அவள் போன் வராமல் கிளம்பாது. பால்காரர் வாசலிலேயே வண்டியை நிறுத்திக்கொண்டு காத்திருப்பார். குழந்தைகள் தெருவில் விளையாடுவது நின்றது. சாயங்காலம் நடக்கப் போகிறவர்கள் வீட்டுக்குள்ளேயே குறுக்கும் நெடுக்குமாக நடந்தார்கள். குப்பையை எப்போது வெளியே வைக்கலாம், மோட்டார் போட எப்போது போகலாம், பிரசவத்துக்கு வந்திருக்கிற பெண்ணை எந்த வழியாகக் கூட்டிப் போகலாம், எல்லாவற்றையும் அவளிடம் கேட்டார்கள். கரடி அடித்து யாரும் சாகவில்லை. ஆனால் கரடியை நினைக்காமல் யாரும் ஒரு வாய் தண்ணீர் குடிக்கவுமில்லை.

அவளுக்கு எல்லோருக்கும் முன்னால் எழுந்தாக வேண்டும். காய்ச்சல் என்றாலும் எழுந்தாக வேண்டும். ஒரு வீட்டுக்குச் சொல்ல விட்டுப்போய், அந்த வீட்டில் யாருக்காவது ஏதாவது ஆகிவிட்டால்? அந்த நினைப்பு அவளைக் கடித்துக்கொண்டே இருந்தது. மகள் லீவுக்கு வந்தால் அவளோடு உட்கார்ந்து பேசக்கூட முடியவில்லை. கண்ணை மூடினால் புள்ளிகள் நகர்ந்தன. "கரடியைக்கூடப் பொறுத்துக்கலாம்டி, உன் போனைத்தான் பொறுக்க முடியல," என்று வீட்டுக்காரர் போர்வையை இழுத்துத் தலைக்குமேல் போட்டுக்கொள்வார். அலுப்பு என்றால் ஒருநாள் அலுப்பா? எலும்புக்குள் போய் உட்கார்ந்துகொண்ட அலுப்பு.

அத்தனை வீடுகளிலும் அவள் அதிகம் பயந்தது ஒரே ஒரு வீட்டுக்குத்தான். அண்ணன் வீடு.

அண்ணன் தேனீ வளர்ப்பவர். காட்டோரச் சரிவில் வரிசையாக அவருடைய பெட்டிகள் இருந்தன. பூக்கள் அங்கே இருந்ததால் பெட்டியும் அங்கேதான் இருந்தாக வேண்டும். கரடிக்குத் தேன் என்றால் உயிர் என்பது சின்னக் குழந்தைக்குக்கூடத் தெரியும். முதல் வருஷமே நாலில் ஒரு பங்கு பெட்டிகளை உடைத்து நக்கிவிட்டுப் போய்விட்டன. மின்வேலி போட்டார், மாமியார் அதற்கடியில் மண்ணைப் பறித்துக்கொண்டு உள்ளே போனது. "உங்க தங்கச்சி கரடிக்கு உத்தியோகம் பாக்கறா, நாம கரடிக்குச் சமையல் பண்றோம், நல்ல குடும்பம்," என்று அண்ணி அவள் காதில் விழும்படியே சொல்வாள். அண்ணிக்கு வாய் நீளம். மனசில் ஒன்று வைத்து வெளியில் ஒன்று பேசத் தெரியாது. அதனால் அவளிடம் கோபித்துக்கொள்ளவும் முடியாது.

ஆரம்பத்தில் அண்ணன் அவள் போனை ஒரு பேச்சுக்குத்தான் கேட்டுக்கொள்வார். சரிவுக்குப் போகும்போது ஒரு பழைய டின்னைத் தட்டிக்கொண்டே போவார். தடம் இருக்கிறதா, எச்சம் இருக்கிறதா, புதர் ஒடிந்திருக்கிறதா என்று குனிந்து பார்ப்பார். நாளாக நாளாக அவள் சொன்ன இடத்தில்தான் கரடி இருந்தது, சொல்லாத இடத்தில் இல்லை. ஒரு தடவைகூடத் தப்பவில்லை. டின்னைத் தட்டினால் தேனீயும் மிரள்கிறது, நமக்கும் தலைவலி என்று அதை விட்டார். பிறகு குனிந்து பார்ப்பதையும் விட்டார். அவரை மட்டும் சொல்வானேன், ஊரே அப்படித்தான் ஆகிவிட்டிருந்தது. காட்டைப் பார்த்து யாரும் எதுவும் தெரிந்துகொள்ளவில்லை. எல்லோரும் போனைத்தான் பார்த்தார்கள். காலையில் அண்ணனுக்கும் அவளுக்கும் நடக்கும் பேச்சு இரண்டே வார்த்தைதான்.

"போகலாமா?"

"போ."

இப்படியிருக்க, ஒருநாள் மாமியாரின் புள்ளி காளவாய்க்குப் பின்னாலிருக்கும் பாறை இடுக்கில் போய் நின்றது. மறுநாளும் அங்கேயே இருந்தது. அதற்கு மறுநாளும் அப்படியே. கம்ப்யூட்டர் வேறு மாதிரி ஒலி எழுப்ப ஆரம்பித்தது. வெகுநேரம் அசையாமல் இருந்தால் அது அப்படிக் கத்தும். செத்துப்போயிருக்கலாம் என்று அர்த்தம். அவள் பதறிப்போய் மருத்துவருக்குப் போன் செய்தாள். அந்தப் பெண் மூச்சு வாங்க மாடியேறி வந்து, திரையை உற்றுப் பார்த்து, தேதியை எண்ணி, அவள் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டாள்.

"அக்கா, இது சாவு இல்லக்கா. குகைக்குள்ள போய்ப் படுத்திருக்கு. குட்டி போட்டிருக்கும். இந்தக் காட்டுல ரெண்டு தலைமுறைக்கு அப்புறம் முதல் குட்டி!" என்றாள். கண்ணெல்லாம் தண்ணீர். "யாரும் பக்கத்துல போகக் கூடாது. தொந்தரவு பண்ணினா குட்டியை விட்டுட்டுப் போயிடும். அப்படியே இருக்கட்டும், தூரத்துல இருந்தே பாத்துக்கலாம்."

ரேஞ்சர் எல்லோருக்கும் டீ வாங்கிக் கொடுத்தார். மாமியார் பிள்ளை பெற்றாள் என்று ஊர் முழுக்கச் சிரிப்பு. கரடியக்காவுக்கும் சந்தோஷம்தான், ஆனால் அவள் சந்தோஷத்துக்குக் காரணம் வேறு. ஐந்தில் இப்போது ஊருக்குள் வருவது அது ஒன்றுதான். மற்ற நாலும் உள்காட்டுக்குப் போய் அங்கேயே தங்கிவிட்டன. ஆகவே காலையில் போனில் ஒரே வரி சொன்னால் போதும்: "மாமியார் காளவாயிலதான் இருக்காங்க, பயமில்ல." அவ்வளவுதான் வேலை. சொல்லி முடித்துவிட்டு மறுபடி வந்து படுத்துக்கொள்ளலாம். படுத்தாள். அடித்துப்போட்ட மாதிரி தூங்கினாள். எத்தனை நாள் தூக்கம் அது! எழுந்து பார்த்தால் ஜன்னலில் வெயில் ஏறியிருக்கும், வீட்டுக்காரர் தானே சமைத்துச் சாப்பிட்டு, அவளுக்கு மூடி வைத்துவிட்டு வேலைக்குப் போயிருப்பார்.

ஊரும் அப்படித்தான் மூச்சு விட்டது. பிள்ளைகள் தெருவில் பந்து விளையாடினார்கள். பூக்கும் பருவம் அது; அண்ணன் பெட்டிகளைச் சரிவின் மேல்பக்கம், பூ அடர்ந்த இடத்துக்கே ஏற்றிவைத்தார். அண்ணி ஒரு டப்பா நிறையத் தேனடை எடுத்துக்கொண்டு அண்ணனோடு அவள் வீட்டுக்கு வந்தாள். கரடி வந்த பிறகு அண்ணி அந்த வாசற்படி ஏறியது அதுதான் முதல் தடவை. "சாப்பிடு. இந்த வருஷம்தான் மனுஷங்க வாயில வைக்கக் கிடைச்சிருக்கு," என்றாள். நாலு பேரும் விரலை நக்கிக்கொண்டு உட்கார்ந்து, எதற்கென்று இல்லாமல் சிரித்தார்கள்.

அந்த நாட்களில் ஒரு காலை, லாண்டரிக்கார அம்மா போன் செய்தாள். கொல்லைக் கதவுப் பக்கம் வைத்திருந்த கஞ்சித் தண்ணீர்ப் பானையை ஏதோ கவிழ்த்துவிட்டுப் போயிருக்கிறது என்றாள்.

"நாயா இருக்கும்மா."

"மூடியைத் திறந்து வச்சிருக்கே அக்கா, நாய் மூடி திறக்குமா?"

கரடியக்கா திரையைப் பார்த்தாள். புள்ளி காளவாயில் இருந்தது. "மாமியார் அங்கதான் இருக்காங்க. நான் பாத்துக்கிட்டுதானே இருக்கேன்? நாய்தான். பயப்படாதீங்க," என்றாள். அந்த அம்மாவும், சரி, அக்கா சொன்னால் சரி என்று வைத்துவிட்டாள். அக்காவுக்கு ஒரு கணம் உறுத்தாமல் இல்லை. யாரையாவது போய்ப் பார்க்கச் சொல்லலாமா என்று நினைத்தாள். போய்ப் பார்த்தால் கரடி மிரளும், குட்டி போய்விடும், மருத்துவர் வருத்தப்படுவாள், மறுபடியும் காலையில் ஒவ்வொரு வீடாக... அவளுக்குத் தூக்கம் கண்ணைச் சுழற்றியது. விட்டுவிட்டாள்.

இரண்டு நாள் கழித்து அண்ணன் கேட்டார்: "போகலாமா?"

அவள் கொட்டாவி விட்டுக்கொண்டே சொன்னாள்: "தாராளமா போ அண்ணா."

வெயில் ஏறிய பிறகு போன் வந்தது. அவள் அப்போது கொட்டகை மேலறையில் மேசையைத் துடைத்துக்கொண்டிருந்தாள். ஸ்கூல் வேன் ஓட்டுகிறவன் பேசினான். பேச்சு குழறியது. சரிவிலிருந்து சத்தம் கேட்டதாம், போய்ப் பார்த்தால் உங்கள் அண்ணன் பெட்டிகளுக்கு நடுவே குப்புறக் கிடந்தாராம், வேனிலேயே தூக்கிப்போட்டுக்கொண்டு பெரிய ஆஸ்பத்திரிக்குப் போய்க்கொண்டிருக்கிறானாம், மூச்சு இருக்கிறதாம், முகத்தைத்தான் பார்க்க முடியவில்லையாம். "மாமியார்தான் அக்கா. கண்ணால பாத்தேன். தேனடையைக் கவ்விக்கிட்டு மேல போகுது."

அவள் திரையைப் பார்த்தாள். அங்கே மாமியார் காளவாய்ப் பாறை இடுக்கில் அமைதியாகப் படுத்திருந்தாள்.

அன்று பிற்பகலே மருத்துவரும் இரண்டு வனக் காவலர்களும் காளவாய்க்குப் போனார்கள். அங்கே குகையும் இல்லை, குட்டியும் இல்லை. பாறை இடுக்கில் கழுத்துப்பட்டை கிடந்தது. கரடியின் கழுத்தை ஆயுசுக்கும் அறுக்கக் கூடாது என்பதற்காக, அந்தப் பட்டையில் பருத்தித் துணியால் ஓர் இணைப்பு வைத்திருப்பார்கள். சில வருஷத்தில் அது தானாக இற்று, பட்டை கழன்று விழும். மழையும் ஈரமும் அதிகமான காட்டில் அது சீக்கிரமே இற்றுவிட்டது. மாமியார் பாறையில் முதுகைத் தேய்த்திருக்கும், அறுந்து விழுந்திருக்கும், அது பாட்டுக்குப் போயிருக்கும்.

மருத்துவர் அந்தப் பட்டையை ஒரு பிளாஸ்டிக் கவரில் போட்டுக்கொண்டு, கரடியக்கா நின்றிருந்த ஆஸ்பத்திரி வராந்தாவுக்கு வந்தாள். மண்ணும் முடியும் ஒட்டிக்கொண்டிருந்தன. "ஒரு பட்டைக்கு நாம காவல் காத்திருக்கோம்க்கா," என்றாள். குட்டி பிறந்திருக்கிறது என்று எத்தனை பேருக்குப் போன் செய்திருப்பாள், பாவம். ஆனால் அவளுக்காக வருத்தப்பட அன்று கரடியக்காவிடம் தெம்பில்லை.

அண்ணனுக்கு ஒரு கண் போய்விட்டது. தேன் எடுக்கும்போது முகத்தில் மாட்டிக்கொள்ளும் வலைத்தொப்பியோடு குனிந்திருந்ததால் பின்னால் வந்ததைப் பார்க்கவில்லை. அந்த வலைதான் மற்ற கண்ணைக் காப்பாற்றியது என்று டாக்டர்கள் சொன்னார்கள். நெற்றியிலிருந்து தாடைவரை தையல். அண்ணி கட்டிலின் கால்மாட்டில் நின்றுகொண்டிருந்தாள். கரடியக்கா உள்ளே வந்ததும் திரும்பிப் பார்த்தாள்.

"நீதானே போகச் சொன்னே?"

"ஆமா அண்ணி."

"தாராளமா போன்னு சொன்னியாமே. வேன்ல வரும்போது அதைத்தான் திரும்பத் திரும்பச் சொல்லிக்கிட்டு வந்தாராம். தங்கச்சி தாராளமா போகச் சொன்னாளே, தாராளமா போகச் சொன்னாளேன்னு."

என்ன சொல்வது? பட்டை அறுந்தது என் தப்பா என்று கேட்கலாம். மருத்துவர் குட்டி என்றாளே, நான் என்ன கண்டேன் என்று சொல்லலாம். எல்லாம் நியாயம்தான். ஆனால் பானையின் மூடி திறந்திருந்ததை அந்த அம்மா சொன்னாளே, அப்போது தூக்கம் கண்ணைச் சுழற்றியதே, அதை யாரிடம் சொல்வது? சுவரோரம் இருந்த பெஞ்சில் உட்கார்ந்தாள். அன்று முழுக்க அண்ணி அவளிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. போ என்றும் சொல்லவில்லை.

சாயங்காலம் ரேஞ்சர் வந்தார். கரடியைச் சுட வேண்டும் என்று ஒரு கூட்டம் ஆபீஸ் வாசலில் நின்று கத்துகிறது, சுட அனுமதி கிடையாது, கூண்டு வைத்துப் பிடித்து வேறொரு காட்டில் கொண்டுபோய் விடப் போகிறோம் என்றார். வேறொரு காடு என்றால் அங்கேயும் ஓரத்தில் தெரு இருக்கும், தெருவில் வீடு இருக்கும், யாராவது ஒருத்தி விடிவதற்கு முன் எழுந்து போனைப் பிடித்துக்கொண்டு உட்காருவாள் என்று கரடியக்காவுக்குத் தோன்றியது. "கூண்டுல விழற வரைக்கும் அது எங்க இருக்குன்னு யாருக்கும் தெரியாது. காலையில நீங்கதான் எல்லாருக்கும் சொல்லணும்," என்றார் ரேஞ்சர்.

"என்னன்னு சார் சொல்றது?"

அவர் தொப்பியைக் கழற்றி மறுபடி போட்டுக்கொண்டார். "ஜாக்கிரதையா இருக்கச் சொல்லுங்க," என்று சொல்லிவிட்டுப் போனார்.

மறுநாள் விடிந்ததும் அவள் யாருக்கும் போன் செய்யவில்லை. இனி அந்த வேலையே வேண்டாம் என்று ராத்திரியே முடிவு செய்துவிட்டாள். ஆனால் போன் சும்மா இருக்குமா? அது வார்டுக்குள் கத்த ஆரம்பித்தது. அவள் அமுக்கினாள். மறுபடி கத்தியது. பக்கத்துக் கட்டில்காரர் முறைத்தார். எடுத்தாள். வேன்காரன்தான்.

"அக்கா, அண்ணன் எப்படி இருக்காரு? பாவம்க்கா. என்ன பண்றது." பிறகு, "அக்கா, பிள்ளைங்க எல்லாம் வந்து நிக்குது. வண்டியை எடுக்கலாமா? அது இன்னிக்கு எங்க இருக்கு?"

"தெரியலப்பா."

"என்னக்கா?"

"எனக்குத் தெரியாது." வாழ்நாளில் அந்த வார்த்தையை அவள் எந்த மைக்கிலும் எந்தப் போனிலும் சொன்னதில்லை.

"அப்படிச் சொன்னா எப்படிக்கா? சும்மா ஏதாவது ஒண்ணு சொல்லுங்க. போகலாம்னு சொல்லுங்க, இல்ல வேண்டாம்னு சொல்லுங்க. நீங்க சொன்னா போதும்."

அவன் திட்டியிருந்தால் தாங்கியிருப்பாள். உன் பேச்சைக் கேட்டு உன் அண்ணனே கண்ணை இழந்தான் என்று சொல்லியிருந்தால், ஆமாம் என்று கேட்டுக்கொண்டிருப்பாள். நேற்றுத்தான் தன் கையால் அண்ணனை வேனில் தூக்கிப் போட்டவன், இன்றைக்கு மறுபடியும் அவளிடமே கேட்கிறான். நீங்கள் சொன்னால் போதும் என்கிறான். அவளுக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. போனை மடியில் போட்டுவிட்டு, முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு குலுங்கினாள். போனுக்குள் அவன், "அக்கா? அக்கா?" என்று கூப்பிட்டுக்கொண்டே இருந்தான், பிறகு வைத்துவிட்டான்.

உடனே மறுபடி அடித்தது. பிறகு இன்னொன்று. ஊர் வரிசையில் நின்றுகொண்டிருந்தது.

கட்டிலில் அண்ணன் அசைந்தார். கட்டுக்குள்ளிருந்து குரல் மெதுவாக வந்தது. "எடும்மா. பாவம், வாசல்லயே நின்னுக்கிட்டு இருப்பாங்க."

"என்னால முடியலண்ணா."

அண்ணி அதுவரை ஜன்னல் பக்கம் திரும்பி நின்றிருந்தாள். ராத்திரி முழுக்கத் தூங்காத முகம். அவள் விடுவிடுவென்று வந்து, "குடு இங்க அந்தச் சனியனை," என்று மடியிலிருந்த போனைப் பிடுங்கினாள். ஜன்னலுக்கு வெளியே வீசத்தான் போகிறாள் என்று கரடியக்கா நினைத்தாள். அண்ணி காதில் வைத்துக்கொண்டாள்.

"ஹலோ, யாரு?"

மறுமுனையில் லாண்டரிக்கார அம்மா. அந்தக் கீச்சுக் குரல் வெளியே நன்றாகவே கேட்டது. "கரடியக்காவா? கரடியக்காதானே பேசறது? பானை வெளிய கிடக்கு, எடுக்கப் போகலாமா?"

அண்ணி, பெஞ்சில் முந்தானையும் வாயுமாக உட்கார்ந்திருந்தவளைப் பார்த்தாள். பார்வையில் கோபம் அப்படியே இருந்தது. போய்விடவில்லை, அவ்வளவு சீக்கிரம் போகவும் போகாது.

"ஆமா, நாந்தான்," என்றாள். "குரலா? தொண்டை கட்டியிருக்கு. கேளு, அது எங்க இருக்குன்னு எனக்குத் தெரியாது. ஆமா, எனக்கேதான். கம்ப்யூட்டருக்கும் தெரியாது, ரேஞ்சருக்கும் தெரியாது. நீ கதவைச் சாத்திட்டு உள்ள இரு. எட்டிப் பாத்துட்டு, ஒண்ணும் இல்லன்னா வெளிய வா. பானையை உள்ள எடுத்து வை. நாளைக்கும் கேளு, நாளைக்கும் இதைத்தான் சொல்லுவேன்."

வைத்தாள். அண்ணன் கட்டுக்குள்ளேயே என்னவோ முனகினார். சிரிப்பாகவும் இருக்கலாம், வலியாகவும் இருக்கலாம். போன் மறுபடி அடித்தது. கரடியக்கா கையை நீட்டினாள். அண்ணி கொடுக்கவில்லை.